வெந்த கிழங்கு ஆறும் நேரம்

சித்திரையில் கோயில் நோம்பி சாட்டிவிட்டால் கொங்குநாட்டுக் குண்டடம் சுற்றுவட்டாரத்து வீடுகள் நிறைந்துவிடும். திருப்பூர் பனியன் கம்பெனிகளில் தையலுக்கும் செக்கிங்குக்கும் போகிறவர்கள், பல்லடம் பக்கம் தறி ஓட்டுகிறவர்கள், கோயம்புத்தூரில் தங்கிப் படிக்கும் பிள்ளைகள் எல்லோரும் வந்து சேர்கிற நாள் அது. ஒரம்பரையாக வரும் உறவினர்களுக்கு ஆக்கிப்போடும் இலையில் உருளைக்கிழங்குக்கு எப்போதும் இடமுண்டு. வறுவலாகவோ பொரியலாகவோ, காலையில் பூரிக்கு மசாலாகவோ. இப்போது அதே கிழங்கு இன்னொரு உருவத்திலும் வருகிறது. வேகவைத்து, துண்டுபோட்டு, ஆறவைத்து, வெங்காயத்தோடு மயோனைஸோ தயிரோ கலந்து குளிர்ச்சியாக எடுத்துவைக்கும் சாலட். நகரத்துக் கடைகளில் ருசி கண்ட இளையவர்கள் அதை வீட்டிலும் செய்து பார்க்க ஆசைப்படுகிறார்கள்.

நல்ல ஆசைதான். ஆனால் இந்தப் பண்டம் பிறந்து வளர்ந்தது குளிர்நாடுகளில். நம்மூர் ஓட்டல் பட்டியல்களில் ‘ரஷ்யன் சாலட்’ என்று இருப்பது, 1860களில் மாஸ்கோவின் ஹெர்மிடேஜ் உணவகத்தில் லூசியன் ஒலிவியே என்ற சமையல்காரர் உருவாக்கிய கலவையின் வழிவந்தது. அப்படிப்பட்ட ஊர்களில் எழுதிய செய்முறைகள் ஒரு வரியைப் போகிற போக்கில் சொல்லிவிடும்: வெந்த கிழங்கை வெளியே வைத்து ஆறவிடவும். அங்கே சமையலறைக் காற்று 18 டிகிரியில் இருக்கலாம். குண்டடத்தில் சித்திரை மதியம் நிழலிலேயே 36, 38 என்று ஏறி நிற்கும். மூடிவைத்த பாத்திரத்தில் இருக்கும் சோறோ கிழங்கோ சுற்றியுள்ள காற்றைவிடக் கீழே இறங்காது. ஆகவே இங்கே வெளியே வைத்த கிழங்கு நம் உடம்புச் சூடான 37 டிகிரியை ஒட்டி வந்து அங்கேயே நின்றுவிடும். வயிற்றைக் கெடுக்கும் பாக்டீரியாக்கள் பலவும் மிக வேகமாகப் பெருகுவது அந்தச் சூட்டில்தான்.

ஒரே செய்முறை மாஸ்கோவில் ஆறிய உணவாகவும் குண்டடத்தில் கிருமி வளர்க்கும் பெட்டியாகவும் ஆகிவிடுவது இப்படித்தான்.

விருந்துக்குப் பிறகு யாருக்காவது வயிற்றுக்கு ஆகாமல் போனால் முதல் பழி மயோனைஸ் மேல் விழுகிறது. வீட்டிலோ கடையிலோ பச்சை முட்டையை அடித்துச் செய்ததாக இருந்தால் அந்தப் பழி நியாயமானது. பச்சை முட்டையில் சால்மோனெல்லா இருக்க வாய்ப்புண்டு. அடுப்பேறாத பண்டத்தில் அதைக் கொல்லும் சூடு கிடைப்பதில்லை. தெலங்கானா 2024 அக்டோபர் இறுதியில் பச்சை முட்டை மயோனைஸுக்குத் தடை போட்டது. தமிழ்நாடு அரசு 2025 ஏப்ரல் 8 முதல் ஓராண்டுக்கு அதே தடையைக் கொண்டுவந்தது. முட்டை இல்லாமல் செய்யும் வகைகளை அந்தத் தடை தொடவில்லை. ஷவர்மாவுக்கும் பொரித்த கோழிக்கும் தொட்டுக்கொள்ளும் பழக்கம் ஊர் ஊராகப் பரவிய பிறகு வந்த இந்த நடவடிக்கை சரியானது. வீட்டுச் சமையலறைக்கும் அதே எச்சரிக்கை பொருந்தும்.

ஆலையில் செய்து பாட்டிலில் அடைத்து வரும் மயோனைஸ் கதை வேறு. அதில் வினிகர் இருப்பதால் புளிப்பின் அளவான பிஎச் 4-ஐ ஒட்டி இருக்கும். அந்தப் புளிப்பில் பெரும்பாலான நோய்க்கிருமிகள் பெருக முடியாது. சாலட் கிண்ணத்தில் கிருமிக்கு உண்மையான விருந்து கிழங்குதான். அதன் பிஎச் 6-ஐ ஒட்டியது. முக்கால் பங்குக்கு மேல் தண்ணீர். மீதியில் பெரும்பகுதி மாவு. போதாததற்கு அது மண்ணுக்குள் விளைவது. மண்ணில் வாழும் சில பாக்டீரியாக்கள் கடினமான வித்துக்களாக மாறி, கொதிக்கும் தண்ணீரிலும் சாகாமல் காத்திருக்கும். கிழங்கு ஆறத் தொடங்கியதும் முளைத்து எழும்.

அமெரிக்காவில் நடந்த இரண்டு நிகழ்வுகள் இதைக் கொடுமையாகக் காட்டின. 1994-ல் டெக்சாஸ் மாநிலத்து எல் பாசோ நகரில் ஒரு உணவகத்தில் சாப்பிட்ட 30 பேருக்கு பொட்டுலிசம் என்ற நரம்பு நஞ்சேற்றம் வந்தது. அலுமினியத் தாளில் சுற்றிச் சுட்ட கிழங்குகளைத் தாளோடு பல நாள் வெளியே வைத்திருந்து, பிறகு மசித்துத் தொட்டுக்கொள்ளும் பண்டமாக்கியிருந்தார்கள். தாளுக்குள் காற்று இல்லை. கிளாஸ்ட்ரிடியம் பொட்டுலினம் என்ற கிருமிக்கு அதுதான் வேண்டும். இரண்டாவது, 2015 ஏப்ரலில் ஒஹையோ மாநிலத்து லங்காஸ்டர் ஊரில் ஒரு தேவாலயத்துக் கூட்டுச்சாப்பாடு. குடும்பம் குடும்பமாக வந்து, ஆளுக்கொரு பண்டம் கொண்டுவந்து பகிர்ந்து சாப்பிட்ட நாள். 29 பேர் நோயுற்றார்கள், ஒருவர் இறந்தார். காரணம் உருளைக்கிழங்கு சாலட். அதில் போட்ட கிழங்கு வீட்டில் பாட்டிலில் அடைத்துப் பதப்படுத்தியது. பாட்டில்களை வெறும் கொதிநீரில் வைத்து எடுத்திருந்தார்கள். பொட்டுலினம் வித்துக்கள் சாக 121 டிகிரி வேண்டும். கொதிநீர் 100-ஐத் தாண்டாது. அன்புடன் செய்து எடுத்துவந்த உணவு அது என்பதை நினைக்கும்போது மனம் கனக்கிறது.

கிழங்கைப் பாட்டிலில் அடைத்து வைக்கும் வழக்கம் நம் வீடுகளில் இல்லை. பொட்டுலிசம் இங்கே அபூர்வம். ஆனால் அதேபோல் வித்தாக மாறும் பாசில்லஸ் சீரியஸ் என்ற கிருமி, ஆறிய சோற்றிலும் கிழங்கிலும் சாதாரணமாக வளரும். அது விட்ட நஞ்சு மறுபடி சூடுபண்ணினாலும் போகாது. கைகளிலிருந்து வரும் ஸ்டெஃபிலோகாக்கஸின் நஞ்சும் அப்படியே. விருந்து வீட்டில் பத்துப் பேர் கைவைக்கிற அண்டாவில் இது சின்ன விஷயமில்லை. கையை விடாமல் கரண்டியால் கிளறுவது அந்த ஆபத்தைக் குறைக்கும்.

ஆறவைப்பதற்கு முன்னால் வேகவைக்க வேண்டும். அங்கேயும் குண்டடத்துக்கென்று ஒரு தனிக் கணக்கு இருக்கிறது.

“உப்புத்தண்ணியில பருப்பு வேகாதுங்க” என்று கொங்குநாட்டு வீடுகளில் சொல்லாதவர் இல்லை. மழை குறைந்த இந்த மேட்டுப்பூமியில் ஆழ்துளைக் கிணற்றுத் தண்ணீர் பல இடங்களில் கடினத்தண்ணீர். துவரம்பருப்பு வேகவைக்க மட்டும் குழாயில் வரும் நல்லதண்ணியைத் தனிக் குடத்தில் பிடித்து வைப்பார்கள். காரணம் சோடியம் உப்பு இல்லை, தண்ணீரில் கரைந்திருக்கும் கால்சியமும் மெக்னீசியமும். காய்களிலும் பருப்புகளிலும் கோடிக்கணக்கான செல்களை, செங்கல்களைச் சாந்து பிடித்திருப்பதுபோல், பெக்டின் என்ற பொருள் பிடித்திருக்கிறது. வேகவைப்பது என்பது பெரும்பாலும் இந்தப் பெக்டினைக் கரைப்பதுதான். கால்சியம் வந்து பெக்டின் இழைகளுக்கு நடுவே பிணைப்புகளைப் போட்டுவிட்டால் அது கரைய மறுக்கும். பருப்பு முழுசு முழுசாக நிற்கும்.

பருப்புக்குக் கெடுதல் செய்கிற அதே தண்ணீர் சாலட் கிழங்குக்கு நன்மை. சாலட்டுக்கு வேண்டியது உள்ளே வெந்திருந்தும் வெளியே முனை உடையாத துண்டு. உணவுப் பதப்படுத்தும் ஆலைகள் டப்பாவில் அடைக்கும் காய்களுக்குக் கால்சியம் குளோரைடு சேர்ப்பது இதற்காகவே. குண்டடத்துக்காரருக்கு அது போர்த்தண்ணியிலேயே கிடைக்கிறது. குடிக்கத் தகுந்த தண்ணீராக இருக்க வேண்டும், அவ்வளவுதான் நிபந்தனை. பூரிக்கு மசால் செய்ய நல்லதண்ணி, சாலட்டுக்குக் கடினத்தண்ணி என்று பிரித்துக்கொள்ளலாம்.

பெக்டினைக் கட்டிப்போட இன்னும் இரண்டு வழிகள் உண்டு. ஒன்று புளிப்பு. குழம்பில் புளி விட்ட பிறகு காய் வேகாது என்பது எல்லாச் சமையல்காரருக்கும் தெரியும். பெக்டின் மிக மெதுவாகக் கரைவது மிதமான புளிப்பில். கிழங்கு முக்கால் பதம் வெந்ததும் தண்ணீரில் எலுமிச்சை மூடியைப் பிழிந்துவிட்டால் துண்டு குழையாது. அதற்கு ஒரு உபரிப் பலனும் உண்டு: சில கிழங்குகள் வெந்து ஆறியதும் காம்புப் பக்கம் சாம்பல் நீலமாக மாறும். கிழங்கிலுள்ள குளோரோஜெனிக் அமிலமும் இரும்பும் சேர்ந்து காற்றுப் பட்டதும் வரும் நிறம் அது. எலுமிச்சைச் சாறு இரும்பைப் பிடித்துவைத்து அதைத் தடுக்கும். ஆப்பசோடா நேர் எதிர் வேலை செய்யும். சாலட் பக்கமே அது வரக்கூடாது.

இன்னொரு வழி வெப்பம். கிழங்கில் பெக்டின் மெத்தில் எஸ்டரேஸ் என்ற நொதி இருக்கிறது. 50-லிருந்து 65 டிகிரிக்குள் அது சுறுசுறுப்பாகி, கால்சியம் வந்து ஒட்டிக்கொள்ளும் இடங்களைப் பெக்டினில் உண்டாக்கும். சூடு 70-ஐத் தாண்டினால் நொதி செத்துவிடும். கொதிக்கிற தண்ணீரில் கிழங்கைப் போட்டால் மேற்புறம் அந்த எல்லையை நொடியில் கடந்து, உள்ளே வேகும் முன்பே வெளியே குழைந்துவிடுகிறது. பச்சைத்தண்ணீரில் போட்டு மெல்லச் சூடேற்றினால் நொதிக்கு நேரம் கிடைக்கும். பிரஷர் குக்கர் இந்த நேரத்தைக் கொடுப்பதில்லை. விருந்து நாளில் அவசரத்துக்கு மூன்று விசில் விட்டு எடுக்கும் கிழங்கு மசாலுக்குத்தான் சரி.

எந்தக் கிழங்கு என்பதும் முக்கியம். சின்ன வெங்காயமும் முருங்கையும் செழிக்கும் குண்டடத்தில் உருளைக்கிழங்கு விளையாது. இரவு வெப்பம் 20 டிகிரிக்கு மேல் போனால் செடி இலை விடும், கிழங்கு கட்டாது. தமிழ்நாட்டில் அதற்கு ஏற்ற மலை நீலகிரி. கோவை கலெக்டராக இருந்த ஜான் சல்லிவன் 1820களில் உதகையில் ஐரோப்பியக் காய்கறிகளோடு இதையும் பயிரிடத் தொடங்கினார். 1957-ல் மத்திய உருளைக்கிழங்கு ஆராய்ச்சி நிலையத்தின் கிளை உதகை அருகே முத்தோரையில் அமைந்தது. 1961-ல் நீலகிரி மண்ணில் முட்டைக்கூட்டு நூற்புழு கண்டுபிடிக்கப்பட்டது; வேரைத் தாக்கி விளைச்சலைத் தின்கிற புழு. அதைத் தாங்கும் ரகமாக 1985-ல் குஃப்ரி ஸ்வர்ணா வந்தது. மலையிலிருந்து இறங்கும் மூட்டைகள் மேட்டுப்பாளையம் மண்டிகளில் ஏலம் போய் கொங்குச் சந்தைகளுக்கு வருகின்றன. அதே மண்டிகளுக்கு வடமாநிலக் கிழங்கும் கர்நாடகக் கிழங்கும் வந்து சேர்கின்றன.

வடக்கிலிருந்து வருவதில் பெரும்பகுதி குளிர்பதனக் கிடங்கில் இருந்தது. 4 டிகிரி போன்ற குளிரில் கிழங்கு தன் மாவின் ஒரு பங்கைச் சர்க்கரையாக்கிக்கொள்ளும். “கிழங்கு இனிக்குது” என்று விருந்தில் முகம் சுளிப்பதன் காரணம் இதுதான். பச்சைக் கிழங்கை வீட்டு ஃபிரிட்ஜில் வைத்தாலும் இதே கதை. பச்சை படர்ந்த கிழங்கையும் ஒதுக்கிவிட வேண்டும். அந்த நிறம் வெறும் பச்சையம், தீங்கில்லை. ஆனால் வெளிச்சம் பட்டிருப்பதற்கு அது அடையாளம், அதே வெளிச்சம் சோலனைன் என்ற நஞ்சையும் கூட்டியிருக்கும். அது கொதிக்கவைத்தாலும் போகாது.

மாவு அதிகமுள்ள கிழங்கு வெந்ததும் உதிரும். குறைந்தது கட்டியாக நிற்கும். ரகத்தின் பெயர் கடைக்காரருக்கே தெரியாதபோது எப்படிக் கண்டுபிடிப்பது? ஒரு டம்ளர் உப்புக்குப் பதினொரு டம்ளர் தண்ணீர் ஊற்றிக் கரைத்து, பச்சைக் கிழங்கை அதில் போட்டால் போதும். மாவு நிறைந்தது கனத்தால் மூழ்கும், குறைந்தது மிதக்கும். மிதக்கிற கிழங்கு சாலட்டுக்கு, மூழ்கியது பூரி மசாலுக்கு.

இனி அந்த மாவுக்கு என்ன நடக்கிறது என்று பார்க்கலாம். சூடு 60 டிகிரியைத் தாண்டியதும் மாவுமணிகள் தண்ணீரை உறிஞ்சி உப்பி, உள்ளிருந்த ஒழுங்கு குலைந்து கூழாகின்றன. ஆறும்போது அந்த மூலக்கூறுகள் மறுபடி ஒன்றோடொன்று ஒட்டி அடுக்காகின்றன. அமைலோஸ் என்ற நீண்ட இழை சில மணி நேரத்தில் அடுக்கிக்கொள்ளும்; கிளைகள் விரிந்த அமைலோபெக்டினுக்கு ஒரு நாள், இரண்டு நாள் ஆகும். பல்லடம், சோமனூர் பகுதிச் சைசிங் ஆலைகளில் பாவு நூலுக்குப் போடும் கஞ்சி இறுகுவதும் இதே வேதியியலால்தான்.    

இப்படி இறுகிய மாவின் ஒரு பகுதியைச் சிறுகுடலின் நொதிகள் உடைக்க முடிவதில்லை. அது பெருங்குடல் வரை போய் அங்கே வாழும் நல்ல பாக்டீரியாக்களுக்கு உணவாகிறது. பழையசோற்றுக்குச் சொல்லும் பெருமையில் ஒரு பங்கு இதற்கு உரியது. ஸ்வீடனின் லுண்ட் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2005-ல் ஒரு சோதனை முடிவை வெளியிட்டார்கள். வேகவைத்த கிழங்கை 8 டிகிரியில் ஒரு நாள் வைத்திருந்து, வினிகரும் எண்ணெயும் சேர்த்து உடல்நலமுள்ள 13 பேருக்குக் கொடுத்தார்கள். சூடாகச் சாப்பிட்ட கிழங்கோடு ஒப்பிட்டபோது ரத்தச் சர்க்கரை ஏற்றத்தைக் காட்டும் குறியீடு 43 சதவீதம் குறைந்திருந்தது. சிறிய சோதனை, சர்க்கரை நோயாளிகளிடம் செய்ததும் அல்ல. ஆறிய கிழங்கு மருந்து என்று யாரும் முடிவுகட்டிவிடக் கூடாது. ஆனால் குளிரும் புளிப்பும் சேர்ந்து வேலை செய்கின்றன என்பதற்கு அது நல்ல சான்று.

ஆகவே கிழங்கை நன்றாகக் குளிரவைக்க வேண்டும், அதுவும் வேகமாக. அமெரிக்க உணவு விதி சமைத்த உணவை இரண்டு மணி நேரத்தில் 21 டிகிரிக்கும், மொத்தம் ஆறு மணி நேரத்துக்குள் 5 டிகிரிக்கும் கொண்டுவரச் சொல்கிறது. 36 டிகிரிக் காற்றில் அது தானாக நடக்காது. முதல் எதிரி அண்டா. திணிந்து கிடக்கும் உணவு ஆறும் நேரம் அதன் கனத்தின் இருமடிப்படி கூடும். 5 சென்டிமீட்டர் கனத்தில் பரப்பிய கிழங்கு அரை மணி நேரத்தில் ஆறுமென்றால், 20 சென்டிமீட்டர் குவியலின் நடுப்பகுதிக்கு அதைப்போல் 16 மடங்கு, அதாவது எட்டு மணி நேரம் வேண்டும். முந்தின இரவு இறக்கி மூடிவைத்த அண்டாவின் நடுவில் விடியும்வரை கிருமிக்கு ஏற்ற சூடு இருந்துகொண்டே இருக்கும்.

குண்டடம், தாராபுரம் பக்கத்து மேட்டுநிலங்களில் காற்றாலைகள் நிற்பது பாலக்காட்டுக் கணவாய் வழியாக வரும் காற்றை நம்பி. வெயில் காலத்தில் இங்கே காற்றில் ஈரம் குறைவு. இந்தக் காற்று சமையலறைக்கும் உதவும். சுடச்சுட வடித்த துண்டுகளை அகலத் தாம்பாளங்களில் ஒற்றை அடுக்காகப் பரப்பி மின்விசிறிக் காற்றில் வைத்தால் மேலே இருக்கும் தண்ணீர் ஆவியாகும். ஆவியாகும் ஒவ்வொரு கிராமும் 2,300 ஜூலுக்கு மேல் வெப்பத்தைக் கொண்டுபோகிறது. ஒரு கிலோ கிழங்கில் 40 கிராம் தண்ணீர் போனாலே 25 டிகிரிக்கு மேல் சூடு இறங்கிவிடும். காற்று 36 டிகிரியும் ஈரப்பதம் 35 சதவீதமும் இருந்தால் ஈரமான பரப்பு 24 டிகிரி வரை குளிர முடியும். மண்பானைத் தண்ணீர் குளிர்வதும் இதனால்தான். ஆவி அடங்கியதும் தாம்பாளத்தை ஐஸ்கட்டி பரப்பிய பெரிய தட்டின்மேல் வைத்து, பிறகு ஃபிரிட்ஜுக்கு. சூடான பத்துக் கிலோவை நேராக வீட்டு ஃபிரிட்ஜில் திணித்தால் உள்ளே இருக்கும் பாலும் தயிரும் சேர்ந்து சூடாகும்.

எலுமிச்சைச் சாறும் உப்பும் சேர்க்க வேண்டியது கிழங்கு கைபொறுக்கும் சூட்டில் இருக்கும்போதே. மாவு இறுகும் முன்னால் புளிப்பு உள்ளே இறங்கும். ஆறிய பிறகு ஊற்றினால் மேலே வழிந்து நிற்கும். எண்ணெயை முதலில் ஊற்றினால் அது மேலே படிந்து சாற்றை உள்ளே விடாது. செக்கில் ஆட்டிய கடலெண்ணெய் பிறகு வரட்டும்.

மயோனைஸ் என்பது முட்டைக் கருவிலுள்ள லெசித்தின் துணையால் எண்ணெய்த் துளிகள் தண்ணீரில் பிரியாமல் நிற்கும் கலவை. நான்கில் மூன்று பங்கு எண்ணெய்தான். நோம்பி வீட்டுக்கு அதைவிடத் தயிர் பொருத்தம். தயிரின் பிஎச் 4.5-ஐ ஒட்டியது, லாக்டிக் அமிலம் ஏற்கெனவே அதில் இருக்கிறது, விலையும் குறைவு. அதன் குறை, உப்புப் பட்டதும் தண்ணீர் விடும். மெல்லிய துணியில் கட்டி இரண்டு மணி நேரம் தொங்கவிட்டால் மோர்த்தண்ணீர் வடிந்து கெட்டியாகிவிடும். கொங்குப் பந்தியில் தயிர்ப்பச்சடி புதிதில்லை. கடுகும் பச்சைமிளகாயும் தாளித்துக் கொட்டினால் பெரியவர்கள் இதைச் சாலட் என்றே நினைக்கமாட்டார்கள், இன்னும் ஒரு கரண்டி கேட்பார்கள்.

சின்ன வெங்காயத்துக்குக் குண்டடத்தில் வெளியூர் போக வேண்டியதில்லை. தோட்டத்துப் பட்டறையில் காற்றோட்டமாக மாதக்கணக்கில் இருக்கும். அதை நறுக்கும்போது செல் உடைந்து, நொதியும் கந்தகச் சேர்மமும் கலந்து காரம் பிறக்கிறது. நறுக்கி வெகுநேரம் வைத்தால் அந்தக் காரம் கசப்பும் வாடையுமாக மாறும். எனவே வெங்காயம், கொத்தமல்லி, தயிர் மூன்றும் பந்தி போடுவதற்கு அரை மணி முன்பு சேர்ந்தால் போதும்.

பரிமாறுவதிலும் ஒரு கணக்கு உண்டு. குளிர்ந்த உணவு 5 டிகிரிக்குக் கீழும் சூடானது 60 டிகிரிக்கு மேலும் இருக்க வேண்டும் என்பது உணவுப் பாதுகாப்பு விதி. வெளியே எடுத்துவைத்த குளிர் உணவுக்கு இரண்டு மணி நேரம் என்று பொதுவாகச் சொல்வார்கள்; காற்று 32 டிகிரியைத் தாண்டினால் ஒரு மணி நேரம்தான். சித்திரைப் பந்தல் எப்போதும் அந்த இரண்டாவது கணக்கில் வரும். ஆறு பந்திக்கும் ஒரே குண்டானை வைத்துக்கொண்டு ஓட்டுவதைவிட, பந்திக்கு ஒரு சின்னக் கிண்ணமாக ஃபிரிட்ஜிலிருந்து எடுத்துத் தருவது நல்லது. முதல் பந்தியில் மிஞ்சியதை அடுத்த கிண்ணத்தில் கொட்டிக் கலக்கக் கூடாது. கைக்குழந்தை வைத்திருப்பவர்களுக்கும் கர்ப்பிணிகளுக்கும் வயதானவர்களுக்கும் முதல் பந்தியிலேயே கொடுத்துவிடலாம். வேகவைத்த கிழங்கு கலக்காமல் தனியாக ஃபிரிட்ஜில் மீதமிருந்தால் மறுநாள் காலை அதை வறுவலாக்கலாம். சூடு காட்டினாலும் அமைலோஸ் அடுக்குகள் குலையாது. அவை உருக 120 டிகிரிக்கு மேல் வேண்டும், வறுவல் துண்டின் உள்ளே அந்தச் சூடு ஏறுவதில்லை.